முதுகு மட்டும் தெரிந்த கதாநாயகி

அன்ரி,

இன்று காலை லிஃப்ற்றுக்குள் அகப்பட்டுக்கொண்டேன். வெக்ஸ்போர்ட்டில் நாங்கள் இப்போது இருக்கிற கட்டடத்து லிஃப்ற்றை நீங்கள் பார்த்ததில்லை. உங்கள் ரெக்ஸ்டேல் லிஃப்ற்றின் கூடப்பிறந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு மாடிகளுக்கு நடுவில் ஒரு குலுக்குக் குலுக்கி நின்றுவிட்டது. உள்ளே நான், யாரோ கொண்டுபோன மீன்குழம்பின் வாசம், ஈரமான குளிர்க்கோட்டுகளின் வாசம், அவ்வளவுதான். மணியை அழுத்தினேன். அது எங்கோ தூரத்தில் அடித்துக்கொண்டே இருந்தது, ஒருவரும் வரவில்லை. அதன் பிறகு கதவைத் தட்டத் தொடங்கினேன்.

முதலில் விரல் மொளியால், பிறகு உள்ளங்கையால், பிறகு இரண்டு கையாலும். தட்டிவிட்டு நிறுத்தி, காதைக் கதவில் வைத்துக் கேட்டு, மறுபடி தட்டினேன். பாதியில்தான் எனக்கு உறைத்தது. இது நான் தட்டுகிற விதம் இல்லை. என் குசினியில், பால் தயிர் வைக்கிற பிறிட்ஜின் கதவில் நீங்கள் தட்டிக் காட்டியது. கட்டடத்தைப் பார்க்கிற மனிதர் இரும்புக் கம்பியோடு வந்து கதவை நெம்பித் திறந்தபோது நான் தனியே சிரித்துக்கொண்டு நின்றேன். மனுசன் பயந்துபோய்விட்டார். மேலே வந்து அரிசியை அடுப்பில் வைத்துவிட்டு இதை எழுதத் தொடங்கியிருக்கிறேன். செத்து, முப்பத்தொராம் நாள் அந்தியேட்டியும் முடிந்துபோன ஆளுக்குக் கடிதம் எழுதுகிற விசர் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

நாங்கள் கனடாவுக்கு வந்த புதிதில், ரெக்ஸ்டேலில் உங்கள் தம்பி வீட்டுக் கதவும் எங்கள் கதவும் நேருக்கு நேர். நடுவில் மண்ணிறக் கம்பளம் விரித்த நீட்டு நடை, ஒரு பக்கம் லிஃப்ற், மறு பக்கம் குப்பை போடுகிற ஓட்டை. அந்த வருடக் குளிருக்கு என் உலகம் அந்த அளவுதான். கையில் பால் குடிக்கிற குழந்தை. அகதி வழக்கு முடியவில்லை. இங்கிலிஷ் வாயில் வராது. என் கணவர் காலையில் ஒரு வேலை, பின்னேரம் ஒரு வேலை, சனி ஞாயிறில் வீடியோ எடுக்கிற வேலை என்று பறந்துகொண்டிருந்தார். யன்னலை ஒரு சாண் அகலத்துக்கு மேல் திறக்க முடியாதபடி பூட்டுப் போட்டிருந்தார்கள். அந்த ஒரு சாணுக்குள் மூக்கை வைத்துக்கொண்டு கீழே பஸ் போவதைப் பார்த்தபடி நிற்பேன்.

உங்களுக்கு அதுகூட இல்லை. தம்பியும் மச்சாளும் வேலைக்குப் போனால் பின்னேரம் வரை நீங்கள் தனி. முதல் குளிரில் பனியில் சறுக்கி விழுந்த நாளிலிருந்து கீழே இறங்கக் கூடாது என்பது தம்பியின் கட்டளை. பனி உருகின பிறகும் கட்டளை உருகவில்லை. நடைபாதைக்கு மட்டும் தடை சொல்ல அவருக்குத் தோன்றவில்லை போலும். அந்த நடையைக் கடந்து நீங்கள் என் வீட்டுக்கு வந்தீர்கள். செத்தல் மிளகாய் கேட்டு வந்தீர்கள், மிளகாயை மறந்துவிட்டுப் போனீர்கள், அதை எடுக்க மறுநாள் வந்தீர்கள்.

கட்டடம் முழுக்க உங்களை ‘ரீச்சர்’ என்றுதான் அழைத்தது. நைரோபியில் படிப்பித்தவ என்று உங்கள் தம்பி எல்லோரிடமும் சொல்லிவைத்திருந்தார். பிள்ளைகளைக் கொப்பியும் பென்சிலுமாக உங்களிடம் அனுப்பினார்கள். நீங்களும் கறுப்புச் சட்டக் கண்ணாடியை மூக்கின் நுனிக்கு இறக்கி, மண்ணிறச் சுவெற்றரின் பொத்தான்களைக் கழுத்து வரை பூட்டி, “எங்க, ஏழாம் வாய்ப்பாடு சொல்லு பாப்பம்” என்பீர்கள். எனக்கும் பயம். உங்களைக் கண்டால் முந்தானையைச் சரிசெய்துகொள்வேன்.

ஒரு மத்தியானம் என் வீட்டுத் தொலைக்காட்சியில் பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஒன்று ஓடியது. வெள்ளைக்காரி ஒருத்தி தூணைப் பிடித்துக்கொண்டு அழுதாள். நான் குழந்தைக்குச் சோறு தீத்துவதை நிறுத்திவிட்டுக் கண் கலங்கிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

“கண்ணீர் வருது, மூக்கு வடியேல்லை,” என்றீர்கள். “அழுதா மூக்கும் வடியவேணும் பிள்ளை. உது பொய்யழுகை.”

“ரீச்சருக்கு உதெல்லாம் எப்பிடித் தெரியும்?”

“நான் எங்க ரீச்சர்? நான் படத்தில நடிச்சனான்.”

ஏதோ, நான் போன வருடம் கொழும்பில் இருந்தனான் என்பது போலச் சொன்னீர்கள். சோற்றுக் கையோடு நான் உங்களைப் பார்த்தேன். நீங்கள் கண்ணாடியைக் கழற்றிச் சுவெற்றர் பைக்குள் போட்டீர்கள். அந்தக் கண்ணாடியில் பவரே இல்லை என்று பிறகுதான் எனக்குத் தெரிந்தது. “ரீச்சரா நடிக்கிறது லேசு,” என்றீர்கள். “ஆனா இடைவேளை இல்லை பாத்தியே, அதுதான் கஷ்டம்.”

அன்றிலிருந்து மத்தியானம் மத்தியானமாக உங்கள் கதை என் குசினிக்குள் வந்தது. ஐயா நைரோபியில் ரயில்வேக் கணக்கர். நீங்கள் ஒரு குஜராத்திக்காரரின் சினிமாக் கொட்டகை அலுவலகத்தில் தட்டெழுத்துக்காரி. அந்த மனுசனுக்குப் படம் ஓட்டி அலுத்து, சொந்தமாகச் சுவாஹிலியில் ஒரு படம் எடுக்கவேண்டும் என்று ஆசை வந்துவிட்டது. பம்பாயிலிருந்து வருவதாக இருந்த கதாநாயகி கப்பலேறவில்லை. அலுவலகத்தில் உயரமாக, சுவாஹிலி சரளமாகப் பேசுகிற பெட்டை நீங்கள்தான். வீட்டில் வேலை கூடிவிட்டது என்று சொல்லிவிட்டுப் பருத்தி மூட்டை அடுக்குகிற பண்டகசாலைக்குப் போனீர்கள். அங்கேதான் படப்பிடிப்பு.

கதை எழுதின தாள் குஜராத்தி எழுத்தில் இருந்தது. உங்களுக்கு அது ஒரு எழுத்தும் தெரியாது. நெறியாளர் அந்தந்த நேரத்தில் உங்கள் வசனத்தை மட்டும் வாசித்துச் சொல்வார், நீங்கள் திருப்பிச் சொல்வீர்கள். காட்சிகளையும் ஒழுங்கில் எடுக்கவில்லை. இன்று கலியாணப் பேச்சு, நாளை சின்ன வயதுத் தோழியோடு சண்டை, மறுநாள் மறுபடி கலியாணப் பேச்சு. முழுக் கதையையும் சொல்லுங்கோ என்று கேட்டதற்கு, உன்னுடைய பகுதி தெரிந்தால் போதும் என்றாராம். உங்களுக்குத் தெரிந்தது இவ்வளவுதான்: நீங்கள் ஒரு கடைக்காரரின் மகள், யாரோ ஒருவனை விரும்புகிறீர்கள், அதனால் வீட்டுக்குள் பூட்டிவைக்கப்படுகிறீர்கள்.

கடைசியாக நீங்கள் நடித்தது அந்தக் கதவுக் காட்சி. பண்டகசாலை நடுவில் சட்டத்தோடு ஒரு கதவை நிறுத்திவைத்திருந்தார்கள். அதற்கு அந்தப் பக்கம் பருத்தி மூட்டைகள். உள்ளே நின்று தட்ட வேண்டும்.

“சும்மா தட்டக் கூடாது எண்டார். அங்கால ஒராள் நிக்குது, ஆனா திறக்குமோ தெரியாது, அப்பிடித் தட்டு எண்டார். தட்டினன் பிள்ளை. காதை வச்சுக் கேட்டன். பிறகும் தட்டினன். வெட்டு எண்டு கத்தினது எனக்குக் கேக்கேல்லை.”

எழும்பிப்போய்ப் பிறிட்ஜ் கதவில் தட்டிக் காட்டினீர்கள். மேலே இருந்த பிஸ்கற் பேணி சரிந்து விழுந்தது. குழந்தை அழத் தொடங்கிற்று. நீங்கள் நிறுத்தவில்லை. எனக்கு எழும்பிப்போய் அந்தக் கதவைத் திறந்துவிட வேண்டும்போல் இருந்தது. திறந்தால் உள்ளே நேற்றைய பருப்புக்கறிதான் இருக்கும் என்று தெரிந்தும் கை துடித்தது.

தட்டித் தட்டிக் கை வீங்கிப்போயிற்று. பின்னேரம் சாப்பாட்டு மேசையில் ஐயா அந்தக் கையைக் கண்டார். தட்டெழுத்து அடித்தால் இப்படி வீங்குமா என்று கேட்டார். உங்களால் பொய் சொல்ல முடியவில்லை. “அண்டைக்கு நடிச்ச களைப்பு. வீட்டையும் நடிக்கச் சத்தியில்லை,” என்றீர்கள். மறுநாள் உங்களை வேலைக்கு விடவில்லை. மொம்பாசாவிலிருந்து கொழும்புக் கப்பல், பிறகு யாழ்ப்பாணம், உங்களைவிட நல்ல வயது மூத்த ஸ்ரேஷன் மாஸ்டரோடு கலியாணம். படம் உங்கள் பின்னால் எப்போதோ ஓடி முடிந்தது. நீங்கள் அதைப் பார்க்கவே இல்லை. மாஸ்டர் செத்துப்போனபிறகு, நாட்டில் சண்டை முற்றினபிறகு, தம்பி உங்களைக் கனடாவுக்கு எடுத்தார். எடுக்கும்போதே ரீச்சர் வேஷத்தையும் தைத்து வைத்திருந்தார்.

எனக்கு ஒரே ஒரு கேள்விதான். “பிறகு கதவு திறந்துதோ அன்ரி?”

“அதுதானே எனக்கும் தெரியாது.”

அதற்காக நீங்கள் இத்தனை காலமும் ஏங்கினீர்கள் என்று அப்போது நான் நினைக்கவில்லை. ஒரு படத்தின் முடிவு தெரியாத பெரிய மனுசி என்று உங்களைப் பகிடி பண்ணினேன். ஆளுக்கொரு முடிவு சொல்லி விளையாடினோம். காதலன் கோடரியோடு வந்து கதவைக் கொத்தித் திறக்கிறான் என்றேன். “அவனுக்குக் கோடரி பிடிக்கத் தெரியாது, கோட்டுச் சூட்டுக்காரன்,” என்று தள்ளிவிட்டீர்கள். தாய் இரக்கப்பட்டுத் திறக்கிறாள் என்றேன். தாயாக நடித்த மனுசி ஒரு நாள்தான் வந்தவ, அவவுக்குத் திறக்க நேரமிருந்திராது என்றீர்கள். சிரித்துவிட்டு, “திறந்திருப்பினம். திறக்காமல் படம் முடிக்க ஏலாதெல்லோ?” என்று என்னையே கேட்டீர்கள். அந்தக் குரலில் பகிடி இருக்கவில்லை.

கறிவேப்பிலை வாங்கப் போகிற இடத்தில் அதற்கு ஒரு வழி பிறந்தது. பஸ்ஸில் கொஞ்சத் தூரத்தில், கடைத்தொகுதி ஒன்றில், சரக்குச் சாமான்களும் பழைய ஹிந்திக் கசற்றுகளும் விற்கிற கடை. கல்லாவில் இருந்த வயதான மனிதர் நைரோபியில் சினிமாக் கொட்டகையில் படம் ஓட்டினவர் என்று என் கணவர் வெற்றுக் கசற் வாங்கப் போய்வந்து சொன்னார். நான் உங்களிடம் சொன்னேன். மறுநாள் தம்பி வேலைக்குப் போன கையோடு நீங்கள் கோட்டைப் போட்டுக்கொண்டு என் வாசலில் நின்றீர்கள். கட்டளை, பனி, சனம் எல்லாவற்றையும் மறந்தாயிற்று. குழந்தை வண்டியை ஒரு பக்கம் நீங்கள் பிடிக்க, மறு பக்கம் நான் பிடிக்க, பஸ் ஏறினோம். பஸ்ஸுக்குள், அன்று வீங்கின அந்தக் கையை மற்றக் கையால் தடவிக்கொண்டு வந்தீர்கள். வீக்கம் வற்றி எத்தனையோ காலம்.

கடையில் நீங்களும் அவரும் சுவாஹிலியில் பேசினீர்கள். உங்கள் வாயிலிருந்து அந்தப் பாஷை வந்தபோது நீங்கள் ஒரு சாண் உயர்ந்ததை நான் பார்த்தேன். அவர் மஞ்சள் தூள் பொதியை நிறுத்திவைத்துவிட்டு உங்களை உற்றுப் பார்த்தார். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அவர் இரண்டு கையையும் விரித்து ஒரு கதவைத் திறந்து காட்டியது மட்டும் விளங்கியது. திறந்துவிட்டது என்று நான் துள்ளினேன். உங்கள் முகம் துள்ளவில்லை.

வெளியே வந்து, பஸ் நிறுத்தத்துக் கண்ணாடிக் கூட்டுக்குள் நின்று சொன்னீர்கள்.

“கதவு திறக்குதாம். சிவப்புச் சேலையோட ஒருத்தி போறாளாம். தலையில முக்காடு. முதுகுதான் தெரியுமாம். போறாள், போறாள், போய்க்கொண்டே இருக்கிறாள், படம் முடியுது. கொட்டகையில சனம் திரும்பு, திரும்பு எண்டு கத்துமாம் பிள்ளை. ஒவ்வொரு காட்சிக்கும் கத்துமாம். அவள் திரும்பேல்லையாம்.”

“பிறகென்ன அன்ரி, வெளியில போயிட்டியள்தானே?”

“எனக்குச் சிவப்புச் சேலை ஒருத்தரும் தரேல்லை.” பஸ் வருகிறதா என்று எட்டிப் பார்த்துக்கொண்டே சொன்னீர்கள். “அது வேற ஆரோ ஒருத்தி. என்னைக் கப்பலேத்தினாப் பிறகு ஆரையோ பிடிச்சு நடக்க விட்டிருக்கினம். அவள் போயிட்டாள். நான் அங்கதான் நிக்கிறன், உள்ளுக்க. தட்டிக்கொண்டு.”

பிறகு நீங்கள் பல நாள் வரவில்லை. உங்கள் கதவுக்கு இந்தப் பக்கம் நான் நின்று கேட்டுப் பார்ப்பேன். பிள்ளைகள் வாய்ப்பாடு சொல்கிற சத்தம் வரும், அவ்வளவுதான். எனக்கு அந்த நெறியாளர் மேல், உங்கள் ஐயா மேல், சிவப்புச் சேலைக்காரி மேல்கூடக் கோபம் வந்தது. கடைசியில், என் கணவர் சோபாவுக்குப் பின்னால் துவாயால் மூடிவைத்திருந்த வீடியோக் கமராவைப் பார்த்துக்கொண்டிருந்தபோது எனக்கு அந்த எண்ணம் வந்தது. நான் நடையைக் கடந்து வந்து உங்கள் கதவைத் தட்டினேன்.

“அன்ரி, மிச்சத்தை நாங்கள் எடுப்பம்.”

விசரோ என்று கேட்பீர்கள் என்று நினைத்தேன். “எந்தக் கதவு?” என்று கேட்டீர்கள்.

தம்பி வீட்டுக் கதவுதான். என் கூறைச்சேலை சிவப்பு, அதைத் தந்தேன். வேண்டாம் என்றீர்கள். அது அவளுடைய உடுப்பு, எனக்கு என்ர சுவெற்றர் காணும் என்றீர்கள். கண்ணாடியை மட்டும் கழற்றி என்னிடம் தந்தீர்கள். உள்ளே போய்க் கதவைப் பூட்டினீர்கள். நான் கமராவைத் தோளில் ஏற்றினேன். என் கணவர் எடுப்பதைப் பார்த்த பழக்கம்தான், சொந்தமாக எடுத்ததில்லை. சிவப்புப் பொட்டு வெளிச்சம் வந்தது.

நீங்கள் தட்டினீர்கள். பிறிட்ஜ் கதவில் தட்டியது ஒத்திகை என்று அப்போதுதான் தெரிந்தது. நடை முழுக்க அதிர்ந்தது. பக்கத்து வீட்டுச் சோமாலியப் பெண் பதறியடித்துக் கதவைத் திறந்துகொண்டு வந்து, உள்ளே யாரும் அடைபட்டுக் கிடக்கிறார்களோ என்று என்னைக் கேட்டா. எனக்கு வந்த ஒரே இங்கிலிஷ் “ஃபிலிம், ஃபிலிம்!” அவ என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, சுவரில் சாய்ந்து அவவும் பார்க்கத் தொடங்கிவிட்டா. தட்டல் நின்றது. நீங்கள் காதை வைத்துக் கேட்கிறீர்கள் என்று எனக்குத் தெரிந்தது. பிறகு பூட்டுத் திரும்பியது.

வந்தீர்கள். மண்ணிறச் சுவெற்றர், வீட்டுச் செருப்பு, கலைந்த தலை. மூக்கு வடிந்திருந்தது. முகத்தைத் துடைக்காமல், நிலத்தைப் பார்க்காமல், நேரே கமராவைப் பார்த்துக்கொண்டு வந்தீர்கள். உங்கள் முகம் கமராவின் அந்தச் சின்னக் கண்ணாடி முழுவதையும் நிறைத்தது. அப்படி ஒரு முகம் அந்தச் சுவெற்றருக்கு மேலே இவ்வளவு நாளும் இருந்திருக்கிறது. பிறகு நின்று, லிஃப்ற் பக்கம் பார்த்தீர்கள். குப்பை ஓட்டைப் பக்கம் பார்த்தீர்கள். என்னைப் பார்த்தீர்கள்.

“வெளியில வந்திட்டன் பிள்ளை. இனி எங்க போறது?”

கமராவை நிறுத்தினேன். சோமாலியப் பெண் கை தட்டினா.

உள்ளே வந்து கசற்றை எடுத்துப் பார்த்தபோதுதான் எனக்குத் தெரிந்தது. அது வெற்றுக் கசற் இல்லை. ஒரு பெட்டை பெரியபிள்ளையானதற்கு அந்தச் சனிக்கிழமை என் கணவர் எடுத்த சாமத்தியவீட்டுக் கசற். ஆராத்தி எடுத்து, கேக் வெட்டி, எல்லோரும் படத்துக்கு நின்ற பிறகு மிஞ்சியிருந்த இடத்தில் நீங்கள் ஏறியிருந்தீர்கள்.

“அழிக்கட்டோ அன்ரி? இது லண்டனுக்குப் போறது.”

“லண்டனுக்கோ?” கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டீர்கள். “கிடக்கட்டும்.”

கொப்பி எடுக்கும்போது கேக் வெட்டுவதோடு நிறுத்தச் சொல்லலாம் என்று நினைத்திருந்தேன். என் கணவரோ வழமைபோல இரண்டு வீடியோ டெக்கையும் ஓடவிட்டுவிட்டு வேலைக்குப் போய்விட்டார். லண்டன், பாரிஸ், கொழும்பு, யாழ்ப்பாணம் என்று அந்தப் பிள்ளையின் சொந்தக்காரர் வீடுகளுக்கெல்லாம் பொதி போய்ச் சேர்ந்தது. நான் சொல்ல மறந்தேனா, சொல்லாமல் விட்டேனா என்று அவர் இப்போதும் கேட்கிறார். கேட்டுக்கொண்டே இருக்கட்டும்.

தொலைபேசி அடிக்கத் தொடங்கியது. பாரிஸில் ஒரு வீட்டில், சாமத்தியப்பட்ட பிள்ளையை விட்டுவிட்டு உங்களைத்தான் திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்க்கிறார்களாம். பிள்ளையின் தாய் என் கணவரைப் பேசின பேச்சு அவர் காதில் இன்னும் இருக்கும். லண்டனில் நைரோபிக்காரப் பெரிய மனுசி ஒருத்தி, “உவ அந்தப் படத்துப் பெட்டையெல்லோ! அண்டைக்குக் கத்தினம், இப்பத்தான் திரும்பியிருக்கிறா!” என்று அழுதாவாம். அதை நான் ஓடிவந்து உங்களிடம் சொன்னேன். நீங்கள் வாயைப் பொத்திக்கொண்டு, கதவு நிலையைப் பிடித்தபடி அப்படியே கீழே இருந்துவிட்டீர்கள். உங்கள் படம் உலகமெல்லாம் ஓடியது, அன்ரி. வேறு எந்த நடிகைக்கும் இப்படி ஒவ்வொரு வீட்டுக்கும் பொதியில் போகக் கிடைத்திருக்காது.

அதே செய்தி உங்கள் தம்பிக்கும் போனது. அவருடைய மகளுக்கு லண்டனில் மாப்பிள்ளை பேசிக்கொண்டிருந்த நேரம். மாப்பிள்ளை வீட்டுக்குள்ளும் அந்தக் கசற் போயிருந்தது. கலியாணம் குழம்பவில்லை, மாப்பிள்ளையின் தாய் உங்களைச் சுகம் விசாரித்ததோடு சரி. குழம்பாத கலியாணத்துக்காக அவர் உங்களைத் தண்டித்தார். நடையைக் கடக்கக் கூடாது என்ற கட்டளை வந்தது. பிள்ளைகள் வாய்ப்பாட்டுக்கு வருவதும் நின்றது. வேலைக்குப் போகும்போது வெளியால் பூட்டிக்கொண்டு போனார் என்று சொன்னால் அது பொய். பூட்டவில்லை. பூட்டத் தேவைப்படவில்லை, அதுதான் எனக்கு ஆறாதது. கதவு திறந்தே கிடந்தது, நீங்கள் வரவில்லை. ஏன் என்று கேட்டதற்கு, “நான் இருக்கிறது அவன்ர வீட்டில பிள்ளை,” என்றீர்கள்.

பிறகு நாங்கள் ஸ்காபரோப் பக்கம், இந்த வெக்ஸ்போர்ட்டுக்கு வந்துவிட்டோம். அகதி வழக்கு முடிந்து எனக்குப் பத்திரம் கிடைத்தது, வேலை கிடைத்தது. மத்தியானங்களில் தொலைபேசியில் பேசினோம். தம்பி வருகிற சத்தம் கேட்டால், “ஓம் ஓம், ஏழேழு நாப்பத்தொன்பது,” என்று சொல்லி வைத்துவிடுவீர்கள். கடைசி முறையும் அப்படித்தான் வைத்தீர்கள். அந்த வீட்டில், பகலில், ஒருவரும் இல்லாத நேரம் உங்கள் நெஞ்சு நின்றுபோயிற்று. நீங்கள் கதவைத் தட்டினீர்களா என்று யாரிடம் கேட்பது?

செத்தவீட்டை வீடியோ எடுக்க உங்கள் தம்பி என் கணவரைத்தான் அழைத்தார். எனக்கு ஆச்சரியமாக இருந்தது. அந்தியேட்டி முடிந்த மறு ஞாயிறு, கொப்பிகளை வாங்க வெக்ஸ்போர்ட்டுக்கு வந்தார். கணவர் வீட்டில் இல்லை. மனிதர் சோபாவின் நுனியில் இருந்துகொண்டு தேத்தண்ணியை ஆறவிட்டார்.

“தங்கச்சி, அந்தத் துண்டு இருக்கோ?”

“எந்தத் துண்டு அண்ணை?” தெரிந்துகொண்டுதான் கேட்டேன்.

“அக்கா கதவால வாறது.” தேத்தண்ணிக் கோப்பையைத் தள்ளிவைத்தார். “சவப்பெட்டி உள்ளுக்க போறதோட கசற் முடியக் கூடாது. அக்கா வெளியில வாறதோட முடியட்டும்.”

எனக்கு முதலில் வந்தது கோபம். உயிரோடு இருக்கும்போது குறுக்கே நின்ற ஆள், இப்போது கசற்றில் கதவு திறக்க வந்திருக்கிறார் என்று கோபம். வாய்வரை வந்ததை விழுங்கிக்கொண்டு கசற்றைத் தேடி எடுத்தேன். இரண்டு டெக்கையும் இணைத்தேன். ஒன்றில் உங்கள் பெட்டி தகனசாலைத் திரைக்குப் பின்னால் போய்க்கொண்டிருந்தது. மற்றதில் ரெக்ஸ்டேல் கதவு. உங்கள் தட்டல் சத்தம் என் வீட்டுக்குள் கேட்டது. அவர் கைகளை முழங்காலுக்கு நடுவில் வைத்து அழுத்திக்கொண்டார்.

“கடைசியா அவ ஒண்டு கேக்கிறா,” என்றார். “அதை மட்டும் வெட்டிவிடும் தங்கச்சி. சனம் என்ன நினைக்கும்?”

என் விரல் பட்டனில் இருந்தது. நீங்கள் வந்தீர்கள். தொலைக்காட்சி நிறைய வந்தீர்கள். லிஃப்ற்றைப் பார்த்தீர்கள், குப்பை ஓட்டையைப் பார்த்தீர்கள். நான் அழுத்தவில்லை, அன்ரி. இதுவரை உங்களை வெட்டினவர்கள் போதும். முழுவதையும் ஓடவிட்டேன்.

“இனி எங்க போறது?” என்று கேட்டீர்கள்.

அவர் என்னை ஏசவில்லை. தொலைக்காட்சியைப் பார்த்தபடி, பக்கத்தில் நான் இருப்பதையும் மறந்து, “வீட்ட வாங்கோ அக்கா,” என்றார். சொல்லிவிட்டு முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். மூக்கும் வடிந்தது. நானும் அழுதேன். உங்களைக் கூப்பிட அந்த மனிதரிடம் அந்த ஒரு வீட்டை விட்டால் வேறு இடம் இல்லை. எத்தனை தரம் கேட்டாலும் அவர் அதைத்தான் சொல்வார்.

ஆனால் நீங்கள் அவரைக் கேட்கவில்லை. ‘பிள்ளை’ என்று சொல்லி, என் முகத்தைப் பார்த்துத்தான் கேட்டீர்கள். எனக்குப் பத்திரம் வந்துவிட்டது, வேலை வந்துவிட்டது, பஸ்ஸிலும் ரயிலிலும் தனியே போய்வருகிறேன். அந்தக் கேள்விக்கு மட்டும் இன்னும் எனக்குப் பதில் தெரியவில்லை. தோளில் கமராவோடு அந்த நடையில்தான் நிற்கிறேன், அன்ரி. நீங்கள் என்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள்.